மலையூருக்கு எந்தத் தண்ணீர்: ஊற்றா, ஓடையா, போரா, ஆர்.ஓ.வா?

நீலகிரியில் மார்ச் மாதக் கிராம சபை என்றால் பேச்சு தண்ணீரில்தான் தொடங்கும். உலகத் தண்ணீர் தினமான மார்ச் 22-ஐயும் கிராம சபை நாட்களில் ஒன்றாகத் தமிழ்நாடு சேர்த்தது நல்ல வேலை. பனி முடிந்து, கோடை மழை இன்னும் பிடிக்காத நேரம் அது. ஓடை இளைத்துக் கிடக்கும், டேங்க் பாதிக்கு மேல் நிறையாது. கூட்டத்தில் ஆளுக்கொரு யோசனை வரும். போர் போடலாம் என்பார் ஒருவர். டவுனுக்குப் போகிற பெரிய லைனில் நம்மையும் சேர்க்கச் சொல்லுங்கள் என்பார் இன்னொருவர். இளைஞர்கள் ஆர்.ஓ. மெஷின் கேட்பார்கள். பெரியவர்கள் பழைய ஊற்றை நினைவுபடுத்துவார்கள்.

அந்தக் கூட்டத்தில் கை தூக்கப் போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். கோத்தகிரி, குன்னூர், குந்தா பக்கத்தில் 110 வீடுகள், 500 பேர் உள்ள ஓர் ஊரை மனதில் வைத்துக்கொள்வோம். கொஞ்சம் தேயிலை, கொஞ்சம் கேரட்டும் முட்டைக்கோஸும், சரிவில் அடுக்கடுக்காக வீடுகள், கீழே தோட்டத் தொழிலாளர்களின் பழைய வரிசை வீடுகளான லயன்கள். கொடைக்கானல் மேல்மலையில் பூம்பாறை, மன்னவனூர் பக்கத்து ஊர்களுக்கும் ஏறக்குறைய இதே கணக்குதான். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஊருக்கு மேலே கோடையிலும் ஓடுகிற ஊற்று இருந்தால் அதை முறையாகக் கட்டி, குளோரின் போட்டு, மேட்டிலிருந்து தானாக இறங்கி வரும்படி கொண்டுவாருங்கள். அதுதான் முதல் தேர்வு. மற்றவற்றை அது இல்லாத ஊரும் அது போதாத ஊரும் யோசிக்கலாம்.

வாளி வைத்துப் பாருங்கள்

ஜல் ஜீவன் திட்டம் 2019-ல் வந்தபோது கிராமத்தில் ஆளுக்கு நாளொன்றுக்கு 55 லிட்டர் என்று அளவு வைத்தார்கள். 500 பேருக்கு 27,500 லிட்டர். எண்ணைக் கேட்டால் மலைப்பாக இருக்கும். ஆனால் ஒரு 20 லிட்டர் பெயிண்ட் வாளியை ஊற்றுவாயில் பிடித்து, அது ஒரு நிமிஷத்தில் நிறைந்தால் நாளொன்றுக்கு 28,800 லிட்டர் வருகிறது என்று அர்த்தம். ஊருக்கு அதுவே போதும். இரண்டு நிமிஷம் ஆனால் 14,400 லிட்டர், ஆளுக்கு 29 லிட்டருக்குச் சற்றுக் குறைவு. குடிக்க, சமைக்க, பாத்திரம் கழுவத் தாராளம், குளிக்கத் துவைக்க இழுபறி.

எப்போது அளப்பது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. நவம்பரில் அளந்தால் எந்த ஊற்றும் ஆறு மாதிரி தெரியும். கூடலூர், பந்தலூர் பக்கம் தென்மேற்குப் பருவமழை அள்ளிக் கொட்டும். குன்னூர், கோத்தகிரிக்கு வடகிழக்குப் பருவமழைதான் பெரிது. ஆனால் இரண்டு பக்கத்துக்கும் பிப்ரவரி, மார்ச்தான் சோதனை. அந்த மாதங்களில் வாரம் ஒருமுறை வாளி வைத்து, போனில் நேரம் பார்த்து, ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். இரண்டு கோடை எழுதிய நோட்டு கையில் இருந்தால் எந்த இன்ஜினியரிடமும் நிமிர்ந்து பேசலாம்.

ஊற்று இரவிலும் ஓடுகிறது, ஊர் இரவில் தூங்குகிறது. இரவு 10 மணி நேரத்து நீர் மட்டும் 12,000 லிட்டர். அதைப் பிடித்துவைக்க டேங்க் இல்லாமல்தான் பல ஊர்களில் காலையில் குடத்துக்குச் சண்டை வருகிறது. நீர் குறைவு என்று நாம் நினைக்கும் இடங்களில் பலவற்றில் குறைவாக இருப்பது டேங்க்தான்.

ஊற்று

மண்ணுக்குள் மாதக்கணக்கில் வடிகட்டப்பட்டு வெளியே வரும் நீர் ஊற்றுநீர். ஓடைநீரைவிட அது தெளிவாகவும் பெரும்பாலும் கிருமி குறைவாகவும் இருப்பதற்குக் காரணம் அந்த மண்தான். நீலகிரியின் ஆழமான செம்மண்ணும் அதன்மேல் சோலையும் புல்வெளியும் சதுப்பும் சேர்ந்து மழையைப் பிடித்துவைத்து மெல்ல மெல்ல விடுகின்றன. ஆனால் வெளியே வந்த மறு நிமிஷமே அது திறந்தவெளி நீர். மாடு வந்து வாய் வைக்கும், இலை அழுகும், மழையில் மேட்டுத் தோட்டத்து உரம் வந்து சேரும். எத்தனையோ ஊர்களில் 'ஊத்து' என்று காட்டும்போது பாசி படிந்த சிமெண்ட் குழி ஒன்றைத்தான் காட்டுகிறார்கள். மூடி உடைந்திருக்கும், ஓரத்தில் வேர் நுழைந்திருக்கும், தவளை முட்டை மிதக்கும். அந்த நிலையில் அதைப் பாதுகாப்பான குடிநீர் என்று சொல்ல முடியாது.

முறையாகக் கட்டுவது எப்படி என்றால், நீர் வெளியே வரும் கண்ணை மேல்நோக்கித் தோண்டிப் போய், அது பாறையிலிருந்தோ கெட்டி மண்ணிலிருந்தோ புறப்படுகிற இடத்தைக் கண்டுபிடிக்க வேண்டும். அந்த இடத்தில் கழுவிய கல்லும் ஜல்லியும் நிரப்பி, மேலே களிமண்ணை இறுக மெழுகி மூடி, அதன்மேல் மண் போட்டுப் புல் வளர்க்க வேண்டும். அதாவது நீர் வெளிச்சத்தையே பார்க்காமல் குழாய்க்குள் போக வேண்டும். அதற்குக் கீழே ஒரு சிறிய பெட்டித்தொட்டி. அதில் பூட்டுப் போடும் மூடி, மணல் தங்க அடியில் ஒரு பள்ளம், கழுவிவிட ஒரு குழாய், உபரிநீர் போக வலை கட்டிய ஒரு குழாய். மேட்டில் சில அடி தள்ளி ஒரு வாய்க்கால் வெட்டி மழைநீரைப் பக்கவாட்டில் திருப்பிவிட வேண்டும். சுற்றி வேலி. உபரிக் குழாயை எப்போதும் ஊற்றுக்கண்ணைவிடத் தாழ்வாகவே வைக்க வேண்டும். தொட்டி நிறைய வேண்டும் என்று அதை உயர்த்தினால் நீர் பின்னுக்கு அழுத்தி, ஊற்று வேறு வழி தேடிப் போய்விடும். ஊற்றை இழந்த சில ஊர்களின் கதை இதுதான்.

மேடு யாருடையது என்பது அடுத்த கேள்வி. ஊற்றுக்கு மேலே கழிப்பறைக் குழியோ மாட்டுக்கொட்டிலோ காய்கறிப் பாத்தியோ இருந்தால் கீழே எவ்வளவு சிமெண்ட் பூசியும் பயன் குறைவு. சமவெளியில் இத்தனை மீட்டர் தள்ளி என்று ஒரு கணக்குச் சொல்வார்கள். மலையில் தூரத்தைவிட மேடு பள்ளம் முக்கியம். புதிதாக வரும் காட்டேஜ்களின் செப்டிக் டேங்க் எங்கே இறங்குகிறது என்று ஊர் கேட்க வேண்டிய காலம் இது. உருளைக்கிழங்குக்கும் பூண்டுக்கும் கொட்டும் தழைச்சத்து உரம் நைட்ரேட்டாக ஊற்றில் இறங்கலாம். இந்தியத் தர நிர்ணயத்தில் அதன் எல்லை லிட்டருக்கு 45 மில்லிகிராம். கைக்குழந்தைகளுக்கு அதற்கு மேல் போனால் ஆபத்து. கொதிக்க வைத்தால் நைட்ரேட் போகாது, நீர் வற்ற வற்ற அடர்த்திதான் கூடும். இதைத் தாய்மார்களிடம் கட்டாயம் சொல்ல வேண்டும்.

மரமும் கணக்கில் வரும். கிளென்மார்கனில் மண்-நீர்ப் பாதுகாப்பு ஆராய்ச்சியாளர்கள் பக்கத்துப் பக்கத்துப் பள்ளத்தாக்குகளை ஒப்பிட்டு ஆண்டுக்கணக்கில் அளந்தார்கள். புல்வெளியாக விட்ட பள்ளத்தாக்கோடு ஒப்பிட்டால், கற்பூர மரம் (யூகலிப்டஸ்) வைத்த பள்ளத்தாக்கில் முதல் பத்தாண்டில் நீர்வரத்து சுமார் 16 சதவீதம் குறைந்தது. ஊற்றுக்கு மேலே கற்பூர மரமும் சீகை (வாட்டில்) மரமும் அடர்ந்திருந்தால், அவற்றைப் படிப்படியாக எடுத்து உள்ளூர்ச் சோலை மரமும் புல்லும் வரவிடுவது டேங்க் கட்டுவதற்குச் சமமான வேலை. கோத்தகிரியிலுள்ள கீஸ்டோன் அறக்கட்டளை போன்றவர்கள் நீலகிரியின் ஊற்றுகளையும் சதுப்புகளையும் நீண்ட காலமாகக் கவனித்து வருகிறார்கள். எதை வைப்பது, எங்கே வைப்பது என்று அவர்களிடம் கேட்கலாம்.

ஊற்று காட்டுக்குள் இருந்தால் வனத்துறை விடாது என்று பேச்சை அங்கேயே முடித்துவிடுவார்கள். அப்படி முடிக்க வேண்டியதில்லை. 2006-ம் ஆண்டின் வன உரிமைச் சட்டத்தில், குடிநீருக்கும் குடிநீர்க் குழாய்க்கும் ஒரு ஹெக்டேருக்குக் குறைவான வனநிலத்தைக் கொடுக்க வழி இருக்கிறது. கிராம சபையின் பரிந்துரை வேண்டும், வெட்டும் மரங்கள் ஹெக்டேருக்கு 75-ஐத் தாண்டக்கூடாது. ஊற்றுக்குழி கட்ட அவ்வளவு மரம் வெட்ட வேண்டியே வராது.

இறங்கி வரும் குழாயில் இரண்டு சங்கதிகள். 10 மீட்டர் இறக்கத்துக்கு ஒரு கிலோ அழுத்தம் கூடும். ஊற்று ஊரைவிட 90 மீட்டர் மேலே இருந்து, கீழே வால்வை மூடினால் அடியில் 9 கிலோ அழுத்தம். 6 கிலோ தாங்கும் கறுப்பு பைப் அங்கே வெடிக்கும். நடுவில் ஓர் அழுத்தம் உடைக்கும் தொட்டி வைத்தால் தீர்ந்தது. இன்னொன்று, குழாய் மேடேறி இறங்கும் இடங்களில் காற்று அடைத்துக்கொள்ளும். அங்கே காற்று வால்வு இல்லையென்றால், மேலே நீர் இருந்தும் கீழே வராது. காட்டெருமை மிதிக்கும், யானை வழியில் யானை பிடுங்கும், மண் சரியும். அதனால் குழாயைப் புதைப்பதும், மாற்றுத் துண்டுகள் சிலவற்றை ஊரிலேயே வைத்திருப்பதும் திட்டச் செலவிலேயே சேர வேண்டும். மலை ஊற்றுநீர் பல இடங்களில் கொஞ்சம் புளிப்புத்தன்மை உள்ளது, இரும்புக் குழாயை அரிக்கும். பிளாஸ்டிக் பைப்தான் இங்கே நல்லது.

ஓடையும் மணல் வடிகட்டியும்

ஊற்று சிறிதாக இருந்து ஓடை வற்றாமல் இருக்கும் ஊர்களுக்கு அடுத்த வழி, ஓடையில் சின்னத் தடுப்பு கட்டி, மெதுவாக வடியும் மணல் வடிகட்டி வைப்பது. நம் ஊர்களில் இதை யாரும் கேட்பதில்லை, சொல்லிக்கொடுப்பாரும் குறைவு. ஆனால் இதன் சரித்திரம் பெரிது. 1892-ல் ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் காலரா வந்தபோது, எல்பே ஆற்று நீரை வடிகட்டாமல் குடித்த அந்த நகரில் 8,000-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ஒட்டியே இருந்த அல்டோனா அதே ஆற்றில், ஹாம்பர்க்கின் கழிவு கலந்த பிறகு, நீர் எடுத்தது. ஆனால் மணலில் வடிகட்டிக் கொடுத்தது. அல்டோனா பெரும்பாலும் தப்பித்தது.

மணலின் மேல் சில வாரங்களில் ஒரு மெல்லிய உயிர்ப்படலம் படரும். கிருமியைப் பிடிப்பதும் தின்பதும் அதுதான். அது உயிரோடு இருக்க நீர் இரவும் பகலும் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். இரவில் வால்வை மூடினால் காற்றில்லாமல் செத்துவிடும். நம் ஊருக்கு 8 சதுர மீட்டர், அதாவது 4 மீட்டருக்கு 2 மீட்டர் அளவுள்ள தொட்டி ஒன்று போதும். ஆனால் ஒன்றைச் சுத்தம் செய்யும்போது மற்றது ஓட வேண்டும் என்பதால் இரண்டாகக் கட்ட வேண்டும். நீர் இறங்குவது மந்தமானால் மேல்மணலை ஒன்றிரண்டு சென்டிமீட்டர் சுரண்டி எடுப்பார்கள். கரண்ட் வேண்டாம், படிகாரம் வேண்டாம், மெஷின் வேண்டாம்.

இடிக்கும் இடம் கலங்கல். 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 சென்டிமீட்டருக்கு மேல் பெய்தது நினைவிருக்கும். அப்படி வேண்டாம், சாதாரண அடைமழையிலேயே கேரட் தோட்டங்களுக்குக் கீழே ஓடும் ஓடை டீ நிறத்துக்கு வந்துவிடும். அந்த நீரை மணலில் விட்டால் சில நாளில் அடைத்துக்கொள்ளும். முன்னால் ஜல்லி நிரப்பிய ஒரு முதல்நிலைத் தொட்டி இருக்க வேண்டும், பெருமழையன்று நீரெடுப்பதை நிறுத்தவும் வழி இருக்க வேண்டும். ஓடைக்கு மேலே தோட்டங்கள் நிறைய இருந்தால், அங்கே அடிக்கும் பூச்சிமருந்தை மணல் நம்பும்படி நீக்காது. அப்படிப்பட்ட ஓடையை நான் குடிநீருக்குச் சொல்ல மாட்டேன். காட்டிலிருந்து நேரே இறங்கும் ஓடை என்றால் தயங்காமல் சொல்வேன்.

உதகைக்கு பார்சன்ஸ் வேலியும் குன்னூருக்கு ரேலியா அணையும் போல, நகரங்கள் அணைநீரைப் படிகாரம் போட்டுத் தெளியவைத்து வேகமாக வடிகட்டுகின்றன. அந்த முறைக்குப் படித்த ஆள் ஷிப்டு முறையில் நிற்க வேண்டும். 110 வீட்டு ஊருக்கு அது பொருந்தாது.

போர்வெல்

போர்வெல்லை ஊர் விரும்புவதற்குக் காரணம் எளிது: ரிக் வண்டி வரும், இரண்டு நாளில் வேலை முடியும், கண்ணுக்குத் தெரியும். ஆனால் மலைப்பாறையில் நீர் இருப்பது வெடிப்புகளில் மட்டும். பத்தடி தள்ளிப் போட்டால் ஒன்றும் வராமலும் போகலாம். மலை மாவட்டத்தில் நினைத்தபடி துளை போடவும் முடியாது, நிர்வாகத்தின் அனுமதி வேண்டும், அந்தக் கட்டுப்பாடு நியாயமானதுதான். மேட்டில் ஒருவர் ஆழமாக உறிஞ்சினால் கீழே இருக்கும் ஊற்று மெலியக்கூடும். ஊருக்காகப் போட்ட போர் அந்த ஊரின் ஊற்றையே குறைத்தால் என்ன லாபம்?

கரண்ட் கணக்கையும் பாருங்கள். 27,500 லிட்டரை 100 மீட்டர் மேலே ஏற்ற, மோட்டாரிலும் குழாயிலும் போகிற இழப்பைச் சேர்த்தால் நாளொன்றுக்கு 15 முதல் 20 யூனிட் ஆகும். புயல் மழையில் மரம் விழுந்து நான்கு நாள் கரண்ட் இல்லாமல் போவது மலையில் புதிதல்ல, அந்த நான்கு நாளும் ஊருக்குத் தண்ணீரும் இல்லை. சில இடங்களில் இரும்பு அதிகமாகி நீர் கொஞ்ச நேரத்தில் செம்மை படரும், போடுகிற குளோரினையும் அந்த இரும்பே தின்றுவிடும். எனக்கு போர்வெல் கடைசிக் கை. ஊற்று இரண்டு நிமிஷ வாளிக்கும் கீழே போகும் ஊரில், கோடையின் இரண்டு மாதத்துக்கு மட்டும் ஓட்டும் துணையாக இருக்கட்டும்.

பெரிய லைனில் சேர்வது

கூட்டுக் குடிநீர்த் திட்டங்கள் தமிழ்நாட்டில் நன்றாக வேலை செய்த இடங்கள் உண்டு. ஃப்ளூரைடு நீரால் பல்லும் எலும்பும் கெட்ட தருமபுரி, கிருஷ்ணகிரி மக்களுக்கு ஒகேனக்கல் நீரைக் கொண்டுபோனது அந்த வழிதான். உள்ளூர் நீரே கெட்டுப்போன இடத்துக்கு அதற்கு மாற்று இல்லை. மலையில் நிலைமை வேறு. குன்னூருக்கு எமரால்டு அணையிலிருந்து நீர் வருகிறது என்றால், அது ஒரு நகரத்தின் தேவைக்காக வருகிறது. வழியில் இருக்கும் ஊர் கிளை எடுத்தால் கடைசி மேட்டு வீட்டுக்கு நீர் எப்போது ஏறும் என்பது நகரத்து வால்வைப் பொறுத்தது. நகரத்தை ஒட்டிய ஊர், தனக்கென ஊற்று இல்லாத ஊர், இவை இரண்டும் கேட்கட்டும். கேட்கும்போது எத்தனை நாளுக்கு ஒருமுறை, எத்தனை மணி நேரம் என்று எழுத்தில் கேளுங்கள்.

அந்த மணி நேரத்தில் சுகாதாரமும் இருக்கிறது. குழாயில் நீர் ஓடாதபோது உள்ளே காலியாகும். அப்போது விரிசல் வழியாக வெளியே இருப்பதை உள்ளே இழுக்கும். நம் ஊர்களில் வீட்டு இணைப்பு பைப் எங்கே போகிறது என்று பார்த்திருப்பீர்கள், பாதி வீடுகளில் சாக்கடைக்குள்ளேயே போகிறது. நாளுக்கு ஒரு மணி நேரம் விடும் நீரைவிட, குறைந்த அழுத்தத்திலாவது நாள் முழுக்கக் குழாய் நிறைந்திருக்கும் அமைப்பு பாதுகாப்பானது. மேட்டு ஊற்றில் அது இயல்பாகவே கிடைக்கிறது.

ஆர்.ஓ., கேன், மழைநீர்

நீலகிரியில் பிளாஸ்டிக் பாட்டிலைத் தடுத்தபிறகு சாலையோரங்களில் தண்ணீர் ஏடிஎம்கள் வந்தன. சுற்றுலா வருகிறவர்களுக்கு அவை தேவை. ஊருக்குள் ஆர்.ஓ. வேண்டும் என்பதுதான் எனக்கு ஒப்பவில்லை. ஆர்.ஓ. உப்பை நீக்கும் மெஷின். கரைந்த உப்பின் ஏற்கத்தக்க எல்லை லிட்டருக்கு 500 மில்லிகிராம். மேல்மலை ஊற்றுகளில் அதற்கு வெகு கீழேதான் இருக்கும். இல்லாத உப்பை எடுக்க, கையில் இருக்கும் நல்ல நீரில் கணிசமான பங்கைக் கழிவாகக் கொட்டுகிறோம். 500-க்குக் கீழே இருக்கும் இடங்களில் ஆர்.ஓ.வைத் தடை செய்ய விதி கொண்டுவருமாறு தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2019-லேயே மத்திய அரசிடம் சொன்னது. வியாபாரி, கரைந்த உப்பை அளக்கும் டி.டி.எஸ். மீட்டரை நீரில் நனைத்து எண்ணைக் காட்டினால் ஒன்றை நினைவில் வையுங்கள்: அந்த மீட்டருக்குக் கிருமி தெரியாது. மஞ்சள் காமாலையும் டைபாய்டும் வயிற்றுப்போக்கும் கொண்டுவரும் நீர் 40 என்று காட்டலாம்.

மழைநீரை நான் மதிக்கிறேன், ஆனால் குடும்ப அளவில். ஒரு சதுர மீட்டர் கூரையில் ஒரு மில்லிமீட்டர் மழை பெய்தால் ஒரு லிட்டர். ஐந்து பேருக்குக் குடிக்கச் சமைக்க மட்டும் ஆளுக்கு 5 லிட்டர் என்று வைத்தால், மழையில்லாத 100 நாளுக்கு 2,500 லிட்டர் டேங்க் போதும். தனித்து நிற்கும் வீட்டுக்கும், குழாய் போக முடியாத சரிவுக்கும் இது நல்ல வழி. கூரையில் குரங்கு குடியிருக்கும் ஊரில் முதல் மழையைக் கழித்துவிட்டுத்தான் பிடிக்க வேண்டும், பிறகு கொதிக்கவும் வைக்க வேண்டும். உதகை உயரத்தில் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும், அதனால் கிருமி சாகாது என்று சிலர் பயப்படுகிறார்கள். சாகும். தளதளவென்று கொதி வந்தபின் மூன்று நிமிஷம் விட்டு இறக்குங்கள்.

குளோரின் வாடை

எந்த நீரைத் தேர்ந்தாலும் குளோரின் உண்டு. இந்த இடத்தில்தான் கூட்டத்தில் எதிர்ப்பு வரும். லயன் வீட்டுப் பெரியம்மா ஒருவர் என்னிடம் சொன்னார்: "ஊத்துத் தண்ணி ருசியே தனி தம்பி. மருந்து போட்டா டீ கூடக் குடிக்க முடியல." அவர் சொல்வது உண்மை. நம் ஊர்களில் ப்ளீச்சிங் பவுடரை அளக்காமல் கையால் அள்ளிப் போடுகிறார்கள். ஒரு நாள் மூக்கைத் துளைக்கும், அடுத்த மூன்று நாள் ஒன்றுமே இருக்காது. இரண்டுமே தவறு.

அளவு சொல்கிறேன். 15,000 லிட்டர் டேங்குக்கு லிட்டருக்கு 2 மில்லிகிராம் என்றால் 30 கிராம் குளோரின் வேண்டும். புதிய பவுடரில் மூன்றில் ஒரு பங்குதான் குளோரின், ஆக 90 கிராம். கொஞ்சம் பழையது என்றால் 120. தெளிந்த ஊற்றுநீருக்கு இதில் பாதியே போதும் என்பது சோதித்தால் தெரியும். பவுடரைப் பிளாஸ்டிக் வாளி நீரில் கரைத்து, சுண்ணாம்பு அடியில் தங்கவிட்டு, மேல்தெளிவை மட்டும் டேங்கில் ஊற்ற வேண்டும். அரை மணி நேரம் கழித்துத்தான் வால்வைத் திறக்க வேண்டும். கடைசி வீட்டுக் குழாயில் லிட்டருக்கு 0.2 மில்லிகிராமாவது மிச்சம் இருக்க வேண்டும்.

அதைப் பார்க்க ஒரு சின்னக் கண்ணாடிக் குழாயும் சொட்டு மருந்தும் போதும். கடைசி வீட்டுக் குழாயில் பிடித்த நீரில் சொட்டு விட்டதும் வெளிறிய மஞ்சள் படர்கிறதா என்று அட்டையிலுள்ள நிறத்தோடு ஒப்பிட வேண்டும். நிறமே வரவில்லையென்றால் குளோரின் வழியிலேயே தீர்ந்துவிட்டது, எங்கோ அழுக்கு நுழைகிறது. அடர்மஞ்சள் வந்தால் அளவு கூடிவிட்டது. இந்த மஞ்சளைப் பெரியம்மாவின் கண்ணெதிரே காட்டி, பானையில் பிடித்துத் திறந்துவைத்தால் ஒரு மணி நேரத்தில் வாடை பெரும்பாலும் போய்விடும் என்றும் சொன்னால் ஊர் ஏற்றுக்கொள்ளும். பவுடர் மூட்டையை நாள்கணக்கில் திறந்துவைத்தால் காற்றிலேயே வீரியம் போய்விடும், மலை ஈரத்தில் இன்னும் சீக்கிரம். கட்டி கட்டியாகி வாடையே வராத பவுடரை டேங்கில் போடுவது வீண். மூடி இறுகும் டிரம்மில் வையுங்கள், மூன்று மாதத்துக்கு மேல் வாங்கிச் சேர்க்காதீர்கள்.

புற ஊதா விளக்கு வைக்கலாமே என்று கேட்பார்கள். டேங்கிலிருந்து குழாய் வரை அதன் காவல் நீடிக்காது, கரண்டும் வேண்டும். பள்ளிக்கூடத்திலோ அங்கன்வாடியிலோ கூடுதலாக வைக்கலாம்.

கிருமி இருக்கிறதா என்று ஊரே பார்க்கவும் வழி உண்டு. குவாலியர் விஞ்ஞானிகள் 1982-ல் வெளியிட்ட முறை அது: மருந்து தோய்த்த தாள் இருக்கும் சின்ன பாட்டிலில் நீரை நிரப்பி வைத்தால், ஒன்றிரண்டு நாளில் கறுத்தால் மலக் கழிவு கலந்திருக்கலாம் என்று அர்த்தம். குளிரில் மெதுவாகத்தான் கறுக்கும், அடுப்படியில் வெதுவெதுப்பாக வையுங்கள். ஜல் ஜீவன் திட்டத்தில் ஊருக்கு ஐந்து பெண்களுக்கு நீர்ச்சோதனைப் பயிற்சி தர ஏற்பாடு இருக்கிறது. அந்த ஐந்து பேர் யார் என்று கிராம சபையில் பெயரோடு கேளுங்கள். ரசாயனச் சோதனை ஆண்டுக்கு ஒருமுறை, கிருமிச் சோதனை மழைக்கு முன்னும் பின்னுமாக இருமுறை. குடிநீர் வடிகால் வாரியத்தின் ஆய்வகத்தில் கட்டணம் செலுத்திப் பார்த்துக்கொள்ளலாம்.

யார் பார்த்துக்கொள்வது

ஊற்றா போரா என்று இரண்டு மணி நேரம் பேசும் கூட்டம் இதை ஐந்து நிமிஷத்தில் முடித்துவிடுகிறது. எனக்கு இதுதான் பெரிய கவலை. கட்டிய அன்று நன்றாக ஓடி மூன்றாம் ஆண்டு நின்றுபோன அமைப்புகளில், நீர் வற்றியதால் நின்றவற்றைவிடப் பார்க்க ஆளில்லாமல் நின்றவைதான் அதிகம் என்பது நான் மலையில் கண்டது. ஊற்றுப்பெட்டிக்கு வாரம் ஒருமுறை ஏறிப் போய் மூடியையும் வலையையும் பார்க்க வேண்டும். டேங்கை மாதம் ஒருமுறையாவது கழுவ வேண்டும். தினம் குளோரின். மழைக்கு முன் வாய்க்காலைத் தூர்வார வேண்டும். இது வாட்டர்மேன் ஒருவரின் முழு வேலை, சும்மா சொல்லிச் செய்யும் உதவி கிடையாது.

வீட்டுக்கு மாதம் 60 ரூபாய் என்று வைத்தால் 110 வீட்டில் 6,600 ரூபாய், ஆண்டுக்கு 79,200. ஊற்று அமைப்புக்குக் கரண்ட் பில் இல்லை. நாளுக்கு இரண்டு டேங்க் என்றால் ஆண்டுக்கு ப்ளீச்சிங் பவுடர் 65 முதல் 90 கிலோ வரை ஆகும், அது பெரிய செலவில்லை. வாட்டர்மேனுக்கு ஊராட்சி கொடுப்பதோடு ஊர் கொஞ்சம் சேர்த்துக் கொடுத்து, மீதியைக் குழாய்த்துண்டுக்கும் வால்வுக்கும் ஒதுக்கலாம். போர்வெல் என்றால் இதே பணம் மோட்டார் ரீவைண்டிங்குக்குப் போகும். திட்டச் செலவில் மலைப்பகுதி ஊர்களின் பங்கு 5 சதவீதம் என்றுதான் ஜல் ஜீவன் வழிகாட்டி சொல்கிறது, சமவெளியில் 10. உழைப்பாகவும் கொடுக்கலாம். குடிநீர்க் குழுவில் பாதிப் பேராவது பெண்களாக இருக்க வேண்டும் என்றும் அதே வழிகாட்டி சொல்கிறது. குடம் தூக்கியவர்களுக்குத்தான் எந்த வால்வு எப்போது திறக்கிறது என்று தெரியும், கணக்கு நோட்டும் அவர்களிடமே இருக்கட்டும்.

அடுத்த கிராம சபைக்குத் தீர்மானம் எழுதுகிறவர்கள் நான்கு விஷயங்களை அதில் சேருங்கள்: ஊற்றின் கோடைக்கால வாளிக் கணக்கு, ஊற்றுக்கு மேலே உள்ள சரிவில் புதிய கழிப்பறைக் குழியும் போர்வெல்லும் கூடாது என்ற வேண்டுகோள், வாட்டர்மேனின் பெயரும் சம்பளமும், கடைசி வீட்டுக் குழாயின் குளோரின் அளவைத் தினம் எழுதும் பலகை. பலகையைப் பள்ளிக்கூடச் சுவரில் மாட்டுங்கள், அங்கே எல்லார் கண்ணிலும் படும்.